கீழிருந்து மேலே

"பழைய சர்ச்சுக் கண்ணாடியை வாசிக்கத் தெரிஞ்சவங்க இந்த உலகத்துல மொத்தமே மூணு பேர்" என்றான் ஏகாம்பரம். "ஒருத்தர் ஜெர்மனியில செத்துப்போயிட்டார். இன்னொருத்தருக்குக் கண்புரை முத்திப்போச்சு. ஆக, பொறுப்பு என் தலையில வந்து விழுந்திருக்கு."

இதைச் சொல்லும்போது அவன் சிரிக்கவில்லை. கையில் பாதி கடித்த மட்டன் ரோல்ஸ் இருந்தது. அதையும் ஏதோ அகழ்வாராய்ச்சியில் கிடைத்த சான்று போலத்தான் பிடித்திருந்தான். கேட்டுக்கொண்டிருந்த யாழ்ப்பாணத்துக் கணக்காளர் ஒருவர், செத்துப்போன ஜெர்மன்காரருக்காக மரியாதையாகத் தலையைக் குனிந்துகொண்டார்.

"மூணாவது ஆளு கண்ணைப் பத்திரமாப் பாத்துக்கடா. உலகமே நம்பியிருக்கு" என்றான் ஜாபர்.

ஜாபர் நாகூர்க்காரன். சிவில் இஞ்சினியரிங் மேற்படிப்பு. காலேஜ் ஸ்ட்ரீட் பக்கம் ஒரு போர்த்துகீசியர் வீட்டு மச்சில் ஏகாம்பரத்தோடு ஒரே அறையில் குடியிருந்தான். மாதத்தில் ஒரு ஞாயிறு இருவரும் ஸ்ட்ரீட்கார் ஏறி, டான்ஃபோர்த் பக்கமிருந்த அந்தத் தேவாலயத்துக்கு வருவார்கள். ஒருவன் சைவன், ஒருவன் முஸ்லிம். ஆராதனை முடிந்ததும் பேஸ்மென்டில் தமிழ்ச் சனம் கூடிச் சோறும் கறியும் வைக்கும். 1975ஆம் வருஷத்து டொராண்டோவில் ஆட்டுக்கறி மணத்துக்கு மதம் கிடையாது.

ஆனால் ஏகாம்பரம் சோற்றுக்காக வரவில்லை. சோறு இருந்தால் சாப்பிடுவான், அவ்வளவுதான். அவன் வந்தது மேலே, பலிபீடத்துக்கு இடப்பக்கம் இருந்த ஒடுங்கிய ஜன்னலுக்காக. மற்ற ஜன்னல்களெல்லாம் உள்ளூர்ச் சரக்கு, காலண்டர் படம் மாதிரி கொழுகொழு தேவதூதர்கள். இது மட்டும் அசல், எழுநூறு வருஷப் பழசு. சோப்பு விற்றுப் பணக்காரரான ஒரு டொராண்டோக்காரர் போன நூற்றாண்டில் ஐரோப்பா சுற்றப் போய், பிரான்சில் இடிந்துகொண்டிருந்த ஒரு கோயிலிலிருந்து பெயர்த்தெடுத்து வந்து மாட்டியது. நீலமும் சிவப்புமாக ஐந்து படங்கள், ஒன்றன்மேல் ஒன்றாக. எந்தப் புனிதரின் கதை என்று யாருக்கும் தெரியாது. அதைக் கண்டுபிடித்துவிட்டால் ஏகாம்பரத்துக்கு முனைவர் பட்டம்.

கும்பகோணத்தில் அவன் அப்பா, ஓய்வுபெற்ற சிரஸ்தார் சபாபதி, பையன் கனடாவில் கண்ணாடியில் டாக்டருக்குப் படிக்கிறான் என்று ஊர் முழுக்கச் சொல்லிவைத்திருந்தார். அதன் பலனாக மகாமகக் குளத்தைச் சுற்றியிருந்த பாதிப்பேர் தங்கள் கண் பவரை எழுதிக் கொடுத்து, நல்ல ஃபிரேமாக வாங்கிவரச் சொல்லியிருந்தார்கள். சபாபதி ஒன்றையும் மறுக்கவில்லை. தன்னுடையதையும் சேர்த்துக்கொண்டார்.

அந்த ஜன்னலுக்கு ஏகாம்பரத்துக்கு முன்பே ஒரு வாசகி இருந்தாள். வனஜா.

யாழ்ப்பாணத்துப் பெண்மணி. முப்பத்தைந்து இருக்கும். ஊரில் கணக்கு டீச்சர், இங்கே ஒரு வங்கியில் தட்டச்சு. புருஷன் பாக்கியநாதன் சரக்குக் கப்பலில் இரண்டாம் இஞ்சினியர். அவன் கப்பல் டிசம்பரில் ஐரோப்பாவிலிருந்து கிளம்பி, அட்லாண்டிக் நடுவில் ஒரு தடவை ரேடியோவில் பேசியது. அதற்குப் பிறகு பேசவில்லை. தேடிய விமானங்கள் வெறும் தண்ணீரைப் பார்த்துவிட்டுத் திரும்பின. கம்பெனி வருத்தம் தெரிவித்துவிட்டது. வனஜா வருத்தத்தை ஏற்றுக்கொள்ளவில்லை. கடலிலிருந்து டொராண்டோவுக்குக் கப்பல் வருகிற ஆறு குளிரில் உறைந்து, பாதையை மூடிவிட்டார்கள், கப்பல் எங்கேயோ ஒதுங்கிக் கிடக்கிறது, ஐஸ் உருகிப் பாதை திறந்ததும் வந்துவிடும் என்பது அவள் கணக்கு. ஏப்ரலில் பாதை திறந்தது. வேலை முடிந்து துறைமுகத்துக்குப் போய், வருகிற கப்பல்களின் பெயரை வாசித்துவிட்டு வீட்டுக்கு வந்தாள். தாலிக்கொடியைச் சட்டைக்கு வெளியே தெரிகிற மாதிரி போட்டிருந்தாள். அவளிடம் யாரும் ஒன்றும் சொல்லவில்லை. ரோல்ஸ் மட்டும் கூட ஒன்று வைத்தார்கள்.

ஆராதனை முடிந்ததும் அவள் ஜன்னலடியில் நிற்பாள். புதிதாக வந்த பெண்கள் யாராவது கிடைத்தால் பிடித்து வைத்துக் கதை சொல்வாள். முதல் தடவை ஏகாம்பரம் அதைத் தூணுக்குப் பின்னால் நின்று கேட்டான்.

"உதிலை மேலை பாருங்கோ. பிள்ளை பிறக்குது. தேவதூதர் துணியிலை ஏந்திக்கொண்டு நிக்கினம். அதுக்குக் கீழை, அந்தப் பிள்ளை வளந்து, ஆளாகி, நித்திரை கொள்ளுறார். கப்பல்காரர் அப்பிடித்தான், கிடைச்ச இடத்திலை படுத்திடுவினம். எங்கட இவரும் அப்பிடித்தான். சுத்திவர மீன் தெரியுதெல்லோ? மீன் கனவு காணுறார். அதுக்குக் கீழை புயல். பாய்மரம் முறிஞ்சுபோச்சு, பாருங்கோ. அதுக்குக் கீழை வீட்டு வாசல். மூட்டையோடை வந்து நிக்கிறார். மனுசி கையைப் பிடிச்சிருக்கு. கடைசியிலை பாண். கூடை கூடையாப் பாண். ஊரைக் கூப்பிட்டு விருந்து."

ஏகாம்பரத்துக்குப் புல்லரித்தது. ஒரு ஆராய்ச்சியாளன் வாழ்நாளில் ஒரு தடவை காணக்கூடிய தவறு அது. முழுமையான தவறு. எங்கேயும் ஓட்டையில்லாத, முதலிலிருந்து கடைசிவரை ஒழுங்காகப் பொருந்துகிற தவறு. அந்தக் காலத்துக் கண்ணாடியைக் கீழேயிருந்து மேலேதான் வாசிக்க வேண்டும். மண்ணில் ஆரம்பித்து விண்ணில் முடியும். அந்த அம்மாள் தமிழ்ப் பாடப்புத்தகம் வாசிக்கிற மாதிரி மேலே பிடித்துக் கீழே இறங்கிவிட்டாள்.

வீட்டுக்கு வரும் வழியில் ஸ்ட்ரீட்காரில் அதை ஜாபருக்கு நடித்துக் காட்டினான். "மீன் கனவு காண்றாராம்டா! செத்துக் கடலடியில கிடக்கிறான், மீன் வந்து மோந்து பாக்குது, இவங்களுக்குக் கனவு!"

ஜாபர் ஜன்னலுக்கு வெளியே பார்த்துக்கொண்டிருந்தான். "அவங்க வீட்டுக்காரரு கப்பலு காணாமப்போனது உனக்குத் தெரியுந்தானே?"

"தெரியும். அது வேற டிபார்ட்மென்ட்."

அந்த வாரமே, துறைத் தலைவர் வீட்டு ஷெர்ரி விருந்தில், வனஜா ஆங்கிலத்தில் அரங்கேறினாள். ஏகாம்பரம் கையை விரித்து, மேலிருந்து கீழாக ஒவ்வொரு படமாக இறங்கினான். மீன் கனவில் சிலர் கண்ணாடிக் கோப்பையைக் கீழே வைத்துவிட்டுச் சிரித்தார்கள். பாணில், அதாவது ரொட்டியில், பேராசிரியருக்குப் புரையேறியது. இரண்டு வருஷமாக அவன் பெயரை ஏகம், பேகம், மிஸ்டர் பரம் என்று விதவிதமாகச் சொல்லிக்கொண்டிருந்தவர், அன்றைக்கு முதல்முறையாக முழுப்பெயரைச் சரியாகச் சொல்லி, இன்னொரு கோப்பை ஊற்றினார். கப்பல் காணாமல்போன விவரத்தை ஏகாம்பரம் சொல்லவில்லை. அது கதையின் ஓட்டத்தைக் கெடுக்கும்.

பேஸ்மென்ட் கூட்டத்தை நடத்தியவர் ஜெபரத்தினம் அங்கிள். ஊரில் தலைமை ஆசிரியராக இருந்தவர், இங்கேயும் பதவியை விடவில்லை. எதையும் ஒரு நிகழ்ச்சியாக்கி, அதற்கொரு தலைவரும் நன்றியுரையும் போட்டால்தான் அவருக்குச் சோறு இறங்கும். மே மாதக் கூட்டத்துக்கு ஏகாம்பரத்தைப் பிடித்தார்.

"தம்பி, எங்கட ஆக்களுக்கு அந்த யன்னலைப் பற்றித் தமிழிலை ஒரு சிற்றுரை. சாப்பாட்டுக்கு முன்னம்."

"சாப்பாட்டுக்கு முன்னாடியா?"

"பின்னம் வைச்சால் ஒருத்தரும் நிக்க மாட்டினம்."

அந்த ஞாயிற்றுக்கிழமை வெயில் நல்ல வெயில். நாற்பது பேரும் பெஞ்சுகளில் உட்கார்ந்திருக்க, ஜன்னலின் நீலம் தரையில் கொட்டி, முன்வரிசையில் இருந்தவர்களின் சப்பாத்துகளுக்கு ஏறியிருந்தது. கீழேயிருந்து கறி கொதிக்கும் வாசனை வந்தது. வனஜா இரண்டாவது வரிசை ஓரத்தில் உட்கார்ந்திருந்தாள். புதுச் சேலை. தான் காதலிக்கிற பொருளைப் பற்றி ஒரு படித்த ஆள் பேசப்போகிறான் என்று சந்தோஷமாக வந்திருந்தாள். பக்கத்திலிருந்த பெண்ணிடம், "எனக்கு உது முழுக்கத் தெரியும், எண்டாலும் கேப்பம்" என்று சொன்னது ஏகாம்பரத்தின் காதில் விழுந்தது.

அதுதான் அவனைக் கிளப்பிவிட்டது என்று சொல்ல வேண்டும்.

நன்றாகவே பேசினான். ஈயப் பட்டைகளால் கண்ணாடித் துண்டுகளைச் சேர்த்துக் கட்டுவது, எழுத்தறியாத சனத்துக்கு இந்தச் சுவர்தான் ஏடு, நீலத்துக்குக் கோபால்ட், எல்லாம் ஒழுங்காக வந்தது. பிறகு ஒரு புன்னகை செய்தான்.

"இப்ப, சில பேர் இதை மேலேயிருந்து கீழே வாசிக்கிறாங்க. தப்பில்ல, பழக்கம். புத்தகத்தைத் தலைகீழாப் பிடிச்சாலும் படம் தெரியத்தானே செய்யும்? ஆனா கதை தெரியாது. இதுல கதை தரையிலேருந்து ஆரம்பிச்சு ஆகாசத்துல முடியும். எழுநூறு வருஷமா இதான் சட்டம்."

சிலர் சிரித்தார்கள். பிறகு, யாரைச் சொல்கிறான் என்று புரிந்து, சிரிப்பைப் பாதியில் நிறுத்தினார்கள். பாதியில் நிறுத்திய சிரிப்பு இன்னும் அசிங்கமாகக் கேட்டது.

வனஜா கை தூக்கினாள். பள்ளிக்கூடத்துப் பிள்ளை மாதிரி, விரலை நீட்டி.

"தம்பி, அப்ப அந்த மேலை இருக்கிற பிள்ளை?"

"அது பிள்ளை இல்லக்கா. உயிர். செத்தவன் உயிரை அந்தக் காலத்துல அப்படித்தான் வரைவாங்க, சின்னக் குழந்தை மாதிரி, துணியில ஏந்தி மேல தூக்கிட்டுப் போறதா."

"ஆர் செத்தது?"

"அதுக்குக் கீழ படுத்திருக்காரே, அவர்."

"அவர் நித்திரை எல்லோ?"

"இல்லக்கா. கடலுக்கு அடியில கிடக்கார். அதான் மீன்."

ஜெபரத்தினம் அங்கிள் தொண்டையைச் செருமினார். ஏகாம்பரம் அதைக் கேட்டான். இந்த இடத்தில் ஒரு ஹாஸ்யம் சொல்லிவிட்டு இறங்கிப் போயிருக்கலாம். கறியும் தயாராகத்தான் இருந்தது. ஆனால் கேள்விகள் நல்ல கேள்விகளாக இருந்தன. அவன் பேராசிரியர்கூட இத்தனை வரிசையாகக் கேட்டதில்லை.

"அப்ப புயலுக்குப் பிறகு வீட்டை வரேல்லையோ அவர்?"

"வாசல் படம் புயலுக்கு முன்னாடிக்கா. கிளம்பறார். பெண்டாட்டிகிட்ட சொல்லிக்கிறார்."

"வாறார் எண்டும் வைச்சுக்கொள்ளலாந்தானே. போறவர், வாறவர், ரெண்டு பேரும் வாசலிலைதானே நிப்பினம்."

"காலைப் பாருங்க" என்றான் ஏகாம்பரம். குரலில் ஒரு கனிவு வந்திருந்தது. கடைசி நகர்த்தலுக்கு முன் சதுரங்கக்காரனுக்கு வருகிற கனிவு. "பாதம் எந்தப் பக்கம் திரும்பியிருக்கு? வீட்டுக்கு வெளியே. அந்தக் காலத்து ஓவியன் முகத்தை எப்படி வேணும்னாலும் போடுவான். பாதத்துல பொய் சொல்ல மாட்டான்."

எல்லோரும் பாதத்தைப் பார்த்தார்கள். பழுப்புக் கண்ணாடியில் வெட்டிய சின்னப் பாதம். வெளியேதான் திரும்பியிருந்தது. வனஜா எழுந்து முன்னால் வந்து, அண்ணாந்து பார்த்தாள். நீல வெளிச்சம் அவள் நெற்றியிலும் தாலிக்கொடியிலும் விழுந்தது. அவள் அந்தப் பாதத்தைப் பார்த்து முடிக்கும்வரை நாற்பது பேரும் காத்திருந்தார்கள்.

"பாண்?" என்றாள் திரும்பாமல்.

"என்னக்கா?"

"கடைசிப் படத்திலை... முதல் படத்திலை. பாண் இருக்கெல்லோ. விருந்து."

"ரொட்டியா? அது கதையே இல்லக்கா. அந்த ஊர் ரொட்டி சுடறவங்க சங்கம் ஜன்னலுக்குச் செலவு பண்ணியிருக்காங்க. அடியில அவங்க தொழிலைப் போட்டுக்கிட்டாங்க. விளம்பரம்."

வனஜா தலையை ஆட்டினாள். பாடம் விளங்கிய மாணவி ஆட்டுகிற மாதிரி. "ஓம்" என்றாள். பிறகு தன் இடத்தில் போய் உட்கார்ந்தாள். சேலைத் தலைப்பை எடுத்து மடியில் வைத்து, மடிப்பு மடிப்பாக மடித்தாள். அவிழ்த்து மறுபடி மடித்தாள்.

நன்றியுரையை ஜெபரத்தினம் அங்கிள் சுருக்கமாக முடித்தார். அவர் சுருக்கமாக முடித்தது அதுவே முதல் தடவை.

சாப்பாட்டு வரிசையில் அவர் ஏகாம்பரத்தின் தோளைப் பிடித்து ஓரமாகத் தள்ளிக்கொண்டு போனார். திட்டப்போகிறார் என்று அவன் பதில்களைத் தயார் செய்துகொண்டான். அவர் இரண்டு பக்கமும் பார்த்துவிட்டு அவன் கையை இறுக்கிக் குலுக்கினார்.

"தம்பி, நாங்கள் அஞ்சாறு மாசமாச் சொல்ல ஏலாமல் இருந்ததை நீங்கள் அழகாச் சொல்லிப்போட்டியள். ஒருத்தர் சொல்லத்தானே வேணும். படிச்ச ஆக்கள் எண்டால் படிச்ச ஆக்கள்தான்." அவன் தட்டில் தன் கையாலேயே நல்லி எலும்பாகப் பார்த்து வைத்தார்.

 அன்று வீடு திரும்பி மச்சுப் படி ஏறும்போது ஜாபர் கேட்டான்.

"உனக்கு வெட்கமா இல்ல?"

"எதுக்கு? நான் கப்பலை மூழ்கடிச்சேனா? ஜன்னலை வாசிச்சேன்."

"அந்தம்மா கேட்டுக்கிட்டே இருந்துச்சே. ஒரு இடத்துல, ஒரே ஒரு இடத்துல, தெரியலக்கான்னு சொல்லியிருக்கலாம்ல?"

"தெரியுமே."

"ரொட்டியையாவது விட்டிருக்கலாம்ல, பாவி?"

ஏகாம்பரம் படியில் நின்று யோசித்தான். நேர்மையாகவே யோசித்தான். "இல்லடா" என்றான். "ரொட்டிதான் முக்கியமான ஆதாரம். அதை விட்டா வாதமே நிக்காது. பொய்யை நம்பிக்கிட்டு அந்தம்மா எத்தனை வருஷம் துறைமுகத்துல போய் நிக்கணும்ங்கிறே? உள்ளதை உள்ளபடி படிச்சா ஒரு தடவை வலிக்கும். அதோட முடிஞ்சிடும்."

ஜூன் மாதக் கூட்டத்துக்கு வனஜா வெள்ளைச் சேலையில் வந்தாள். கழுத்து வெறுமையாக இருந்தது. துறைமுகத்துக்குப் போவதை நிறுத்திவிட்டாளாம். பாக்கியநாதனுக்காக ஒரு ஆராதனை வைக்கச் சொல்லிக் கேட்டிருந்தாள். உடல் இல்லாததால் அவன் போட்டோவை ஒரு நாற்காலியில் வைத்தார்கள். கண்கள் சிறியவை. மீசை ஒரு பக்கம் ஏறியிருந்தது. ஜெபரத்தினம் அங்கிள் ஒரு மணி நேரம் பேசி, விட்டதைப் பிடித்துக்கொண்டார். சனம் தாராளமாக அழுதது. ஆறு மாதமாக அழ முடியாமல் கையில் ரோல்ஸோடு நின்ற சனம் அது. வனஜாவை இப்போது கட்டிப்பிடிக்கலாம், கையைப் பிடித்துக்கொள்ளலாம், ஒரு விதவைக்கு என்னென்ன சொல்ல வேண்டுமோ அதையெல்லாம் சொல்லலாம். எல்லோருக்கும் பெரிய நிம்மதி. அடுத்த மாதத்திலிருந்து அவள் தட்டில் கூடுதலாக ஒரு ரோல்ஸ் வைப்பதையும் நிறுத்திவிட்டார்கள்.

வனஜா அழவில்லை. ஏகாம்பரத்தைக் கண்டதும், "சாப்பிட்டியளோ தம்பி?" என்று கேட்டாள். அவன் சாப்பிட்டிருந்தான்.

ஜூலையில் ஒரு ஞாயிற்றுக்கிழமை காலை. மச்சு அறை அடுப்பு மாதிரி கொதித்தது. கீழே நடைவழியில் டெலிபோன் அடித்தது. வீட்டுக்கார அம்மாள் ஏகாம்பரத்தைக் கூப்பிட்டாள். தந்தி அலுவலகத்திலிருந்து ஒரு பெண். இந்த ஊரில் அவசரத் தந்தியை முதலில் போனில் வாசித்துக் காட்டுவார்கள், தாள் பிறகு வரும். உற்சாகமான குரல். கும்பகோணம் என்பதை மூன்று தடவை முயன்று, சிரித்து, மன்னிப்புக் கேட்டு, கடைசியில் விட்டுவிட்டாள். பிறகு செய்தியை வாசித்தாள்.

"ஃபாதர் சீரியஸ். ஸ்டார்ட் இமீடியட்லி. அங்கிள்."

மறுபடியும் ஒருமுறை வாசித்துக் காட்டினாள். அவன் நன்றி சொன்னான். உங்கள் அப்பாவுக்குச் சீக்கிரம் குணமாகட்டும் என்று அவள் மனதார வாழ்த்திவிட்டு வைத்தாள். அவள் கனடாக்காரி. அவளுக்குத் தெரியாது.

ஏகாம்பரம் மேலே வந்து, செய்தியை ஜாபரிடம் அதே மூன்று துண்டுகளாகச் சொன்னான். ஜாபர் சட்டைக்கு இஸ்திரி போட்டுக்கொண்டிருந்தான். இஸ்திரிப்பெட்டியை நிமிர்த்தி வைத்தான். அலமாரி மேலிருந்து ஏகாம்பரத்தின் சூட்கேஸை இறக்கித் தூசி தட்டினான்.

"எதுக்குடா இப்பவே பெட்டி?"

"கிளம்பணும்ல."

"சீரியஸ்னுதானே அடிச்சிருக்காங்க."

"ஆமா."

"வேற மாதிரி இருந்தா வேற மாதிரி அடிச்சிருப்பாங்க. அதுக்குத் தனி வார்த்தை இருக்கு. சித்தப்பா தாலுகா ஆபீஸ் ஆளு, வார்த்தையில கறாரானவர்."

"ஆமாடா."

"அப்பாவுக்கு டைஃபாய்டு வந்தப்பகூட இப்படித்தான் கலவரம் பண்ணாங்க. எழுந்து உக்காந்து வத்தக்குழம்பு கேட்டார்."

ஜாபர் சூட்கேஸின் பூட்டைச் சரிபார்த்தான். ஊரிலிருந்து வெளிநாடு வந்த எந்தப் பையனுக்கும் இந்தச் செய்தி எப்படி அடிக்கப்படும் என்று ஜாபருக்குத் தெரியும். ஏகாம்பரத்துக்கும் தெரியும். போன வருஷம் இதே மச்சில் அடுத்த அறையில் இருந்த திருச்சிப் பையனுக்கு, அம்மாவைப் பற்றி, இதே மூன்று துண்டுகள் வந்தன. அவன் அம்மா எப்படியிருக்கிறாளோ என்று பதறியபோது, ஏகாம்பரம்தான் ஜாபரின் காதில், முடிஞ்சுபோச்சுடா, பாவம், படிக்கத் தெரியல என்று சொன்னது.

டிக்கெட்டுக்காக ஜாபர் நண்பர்களுக்குப் போன் போட உட்கார்ந்தான். மறுநாள் சாயங்காலம் லண்டன் வழியாக ஒரு இடம் கிடைத்தது. அதுவரை அறையில் இருக்கப் பிடிக்காமல் ஏகாம்பரம் கிளம்பினான். எங்கே என்று ஜாபர் கேட்டான். ஜன்னலில் ஒரு அளவு எடுக்க வேண்டும், ஊருக்குப் போய்விட்டால் வர நாளாகும் என்றான்.

ஆராதனை முடிந்து வெள்ளைக்காரச் சனம் கலைந்துகொண்டிருந்தது. தமிழ்க் கூட்டம் இல்லாத ஞாயிறு. வனஜா மட்டும் பலிபீடத்துப் பூச்சாடிகளில் வாடியதைப் பிடுங்கிக் காகிதத்தில் சுற்றிக்கொண்டிருந்தாள். அவனைப் பார்த்ததும் வந்தாள்.

"என்ன தம்பி, முகம் ஒரு மாதிரி?"

"அப்பாவுக்கு உடம்பு சரியில்லக்கா. தந்தி வந்திருக்கு."

"என்னெண்டு?"

"சீரியஸ். உடனே கிளம்பி வான்னு."

வனஜா காகிதப் பொட்டலத்தை ஒரு கையிலிருந்து மற்றக் கைக்கு மாற்றினாள். அவள் கண்ணில் ஏதோ வந்து போனது. அது இரக்கமா வேறேதாவதா என்று அவனால் வாசிக்க முடியவில்லை.

"ஆர் அடிச்சது? அம்மாவோ?"

"சித்தப்பா."

"ஓம். அப்பிடித்தான்" என்றாள். கொஞ்சம் கழித்து, "எப்ப பிளேன்?" என்றாள்.

"நாளைக்குச் சாயங்காலம். காலையில இந்த முடியை வெட்டிட்டுக் கிளம்பணும்." தோள்வரை தொங்கிய தலைமுடியை அவன் பின்னால் தள்ளிக்கொண்டான். அந்த வருஷத்துப் பல்கலைக்கழகத்தில் எல்லோரும் அப்படித்தான் வைத்திருந்தார்கள். "அப்பா இதைப் பாத்தா படுக்கையிலேருந்தே எந்திரிச்சு அடிப்பார்."

அவன் சிரித்தான். அவள் சிரிக்கவில்லை.

"வெட்டாதேங்கோ தம்பி" என்றாள். "வீண் செலவு. அங்கை போனவுடனை எப்பிடியும்..."

வாக்கியத்தை அவள் முடிக்கவில்லை. முடிக்கவும் தேவையில்லை. "நீங்கள்தானே மூத்த பிள்ளை?" என்று மட்டும் கேட்டாள். அவன் தலையாட்டினான். அவள் அவன் தலையை, காதோரத்தில் சுருண்டிருந்த முடியை, ஒரு நிமிஷம் பார்த்தாள். கணக்கு டீச்சர் விடைத்தாளைத் திருப்பிக் கொடுக்கிற மாதிரியான பார்வை. விடை சரி. கோபமில்லை.

"வாறன் தம்பி. கவனமாப் போட்டு வாங்கோ."

"அக்கா."

"என்ன?"

"சீரியஸ்னுதான் அடிச்சிருக்காங்க."

"ஓம் தம்பி" என்றாள் வனஜா. "உள்ளதை உள்ளபடிதானே அடிப்பினம்." பொட்டலத்தை நெஞ்சோடு அணைத்துக்கொண்டு போனாள். கதவு மூடிய சத்தம் கூரைவரை போய்த் திரும்பி வந்தது.

ஏகாம்பரம் ஜன்னலுக்கு எதிர்ப் பெஞ்சில் உட்கார்ந்தான். சட்டைப்பையிலிருந்து அளவு நாடாவை எடுத்தான். அளக்காமல் பக்கத்தில் வைத்தான். வழக்கப்படி அடியில் பார்த்தான். ரொட்டிக்காரர்கள், கூடைகள். அடுத்தது வாசல். மூட்டையோடு ஒருவன் கிளம்புகிறான், பெண்ணொருத்தி கையைப் பிடித்திருக்கிறாள். அதற்கு மேலே அலை. அதற்கு மேலே அவன் போகவில்லை. கழுத்து வலிக்கிற மாதிரி இருந்தது.

கோயிலில் யாருமில்லை. யாராவது இருக்கிறார்களா என்று திரும்பிப் பார்த்து உறுதிசெய்துகொண்டான். பிறகு தலையை ஒரேயடியாக நிமிர்த்தி, உச்சிக்குப் போனான்.

மேலே ஒரு குழந்தை பிறந்தது. துணியில் ஏந்தியிருந்தார்கள். அதற்குக் கீழே ஒரு ஆள் படுத்திருந்தார். ஆஸ்பத்திரிக் கட்டில் என்று வைத்துக்கொள்ளலாம். கண்ணை மூடியிருந்தார், அவ்வளவுதான். மத்தியானச் சாப்பாட்டுக்குப் பிறகு அப்பா எப்போதும் கொஞ்சம் கண்ணசருவார். அதற்குக் கீழே கடல், அதைத் தாண்டி வர வேண்டியிருந்தது, அலை பெரிதாகத்தான் இருந்தது. அதற்குக் கீழே வாசல். மூட்டையோடு பிள்ளை வந்து நின்றான். அம்மா கையைப் பிடித்துக்கொண்டாள். பாதத்தை அவன் பார்க்கவில்லை, அதைத் தாண்டிக் கீழே போனான். சூரியன் கூடைகளின் மேல் விழுந்திருந்தது. ரொட்டிகள் சுடச்சுட, பொன் நிறத்தில், யாரோ நிறையப் பேரைச் சாப்பிட அழைத்திருந்த மாதிரி இருந்தன.